வெயிலுகந்தாளுக்கு ஒரு கவளம்

வெயிலுகந்தாளுக்காக முதன்முதலில் மென்றது தான்தான் என்று எங்கள் கிடங்குத் தெருவில் ஏழெட்டுப் பேர் சொல்லிக்கொண்டு திரிகிறார்கள், சொல்லிவிட்டுப் போகட்டும், அவரவர் வாய் அவரவருக்கு. ஆனால் வத்தல் கிடங்கின் பின்கொட்டகையில், மத்தியானச் சோற்று நேரத்தில், தூக்குச்சட்டியிலிருந்து புளிச்சோற்றை உருட்டி, "இந்தாடி வெயிலு, இது ஒனக்கு" என்று நீட்டிவிட்டு, அட, இவளுக்குத்தான் வாய் திறக்காதே என்று அப்புறம் நினைப்பு வந்து, நீட்டிய கையைச் சும்மா மடக்க மனசு கேட்காமல் என் வாயிலேயே போட்டு மென்றவள் நான். நான் முழுங்கியதும் அவள் வயிற்றைத் தடவிக்கொண்டாள். ஒரு ஏப்பம் விட்டாள். பிறகு கடித்த பல்லுக்குள்ளிருந்தே, "நல்லாருக்கு சந்தனக்கா, உப்புத்தான் ஒரு கல்லு தூக்கல்" என்றாள். உப்பு தூக்கல்தான். காலையில் என் வீட்டுக்காரரும் அதையே சொல்லியிருந்தார்.

எங்களுக்கு மிளகாய் வத்தலுக்குக் காம்பு கிள்ளுகிற வேலை. சாக்குச் சாக்காகக் கொட்டிக் கிள்ளிக்கொண்டே இருந்தால் நெடி மூக்கில் ஏறித் தொண்டையில் இறங்கி இருமியே ஆள் சாகவேண்டியதுதான், அதனால் புகையிலையைக் கிள்ளிக் கன்னத்தில் அடக்கிக்கொள்வோம், அடக்கினால் நெடி தெரியாது, பசி தெரியாது, இடுப்பு விட்டுப்போவது தெரியாது, பொழுது போவதும் தெரியாது. வெயிலுகந்தாள் இடது கன்னத்தில் அடக்குவாள். அங்கேதான் புண் வந்தது. காரம் பட்டால் துள்ளினாள், வத்தல் கிடங்குக்காரி தயிர்ச்சோறு தின்கிறாள் பார் என்று கேலி பண்ணினோம். பிறகு வாய் சுருங்கியது. மூன்று விரல் நுழைந்த வாயில் இரண்டு நுழைந்தது, இரண்டு போய் ஒன்றானது, ஒன்றும் போய் ஜூஸ் கடைக் குழாய் மட்டும் நுழைந்தது, ஒரு நாள் காலையில் பல்லோடு பல் சேர்ந்தது சேர்ந்ததுதான். அவள் புருஷன் பால்ச்சாமி, கிடங்கில் மூட்டை தூக்குகிறவர், அவ்வளவு பெரிய உடம்பை வைத்துக்கொண்டு கஞ்சித் தண்ணியும் கரண்டியுமாகப் பெண்டாட்டி முன்னால் உட்கார்ந்து அழுவார். அந்தச் சமயத்தில்தான் நான் மென்றது.

ஒரு வாரத்தில் தெரு முழுக்க மெல்ல ஆரம்பித்துவிட்டது. யாரும் ஏன் என்று கேட்கவில்லை, எப்படி என்று கேட்கவில்லை. என்னத்தை மெல்லுவது என்பதில்தான் சண்டை. ஒருத்தர் கல்யாண வீட்டுப் பந்தியில் இலையில் விழுந்த அத்தனையையும் அவள் பேரைச் சொல்லி மென்று தீர்க்க, இங்கே அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டு கிடந்தாள். பிள்ளைகள் மாங்காயைக் கடித்துக்கொண்டு அவள் பேரைச் சொல்லிவிட்டு ஓடினார்கள். டீக்கடைக்காரர், என் வடைதான் அவளுக்கு ஒத்துக்கொள்கிறது என்று கடைக்கு வந்தவர்களிடமெல்லாம் பெருமையடித்தார். பல் போன கிழவர்கள், எங்களை மட்டும் ஒதுக்குகிறீர்களே என்று கண் கலங்கினார்கள், அவர்களுக்குப் பாலில் ஊறிய ரொட்டி என்று முடிவாயிற்று. கடைசியில் அம்மன் கோயில் முன்னால் கூட்டம் போட்டு, வீட்டுக்கு ஒரு கவளம், அதுவும் முதல் கவளம், அவள் பேரைச் சொல்லி மெல்லுவது, அதற்கு மேல் கிடையாது என்று பேசித் தீர்த்தோம். காரம் குறைக்கவேண்டும் என்று யாரோ சொன்னபோது வெயிலுகந்தாளே கையை ஆட்டி, புண் வாயில்தானே, வயிற்றிலா இருக்கிறது என்று அதட்டினாள். வெளியூரிலிருந்து பெண் பார்க்க வந்தவர்கள், இலையில் கை வைத்ததும் வீட்டிலுள்ள எல்லோரும் ஒரே பேரை முணுமுணுப்பதைப் பார்த்து, ஒங்க குலதெய்வமா என்று கேட்டார்கள். ஆமாம் என்று சொல்லிவிட்டோம், வருகிறவர் போகிறவருக்கெல்லாம் விளக்கம் சொல்லிக்கொண்டா இருக்க முடியும்.

அவள் மெலியவில்லை. அதுதான் எங்களைக் கெடுத்தது. கழுத்து எலும்பு மறைந்தது, கை திரண்டது, புதுசாகத் தாலி கட்டின மாப்பிள்ளை மாதிரிப் பால்ச்சாமி வெட்கப்பட்டுக்கொண்டு திரிந்தார். பங்குனிப் பொங்கல் வந்தது. எங்கள் அம்மனுக்கு வாய்ப்பூட்டு நேர்ந்துகொள்வது வழக்கம். கன்னத்தில் சின்ன வெள்ளி அலகைக் குத்தி, வாயைப் பூட்டி, பேசாமல் தின்னாமல் கோயிலைச் சுற்றி வந்து, அம்மன் முன்னால் பூட்டைத் திறப்பார்கள். அந்த வருஷம் பூசாரி வெயிலுகந்தாளைப் பார்த்தார், பார்த்ததும் அவருக்கு உடம்பு ஆடியது, "அலகில்லாம பூட்டியிருக்காடா ஆத்தா, ஊரே ஊட்ட ஒருத்தி உண்ணுறாடா" என்று கூவினார், அவ்வளவுதான், அவளை மஞ்சள் சேலை கட்டி உட்காரவைத்து, பக்கத்து ஊர்க்காரர்களெல்லாம் வரிசையில் நின்று காலைத் தொட்டார்கள், பிள்ளையைக் கொண்டுவந்து மடியில் போட்டார்கள், இடது கன்னத்தில் எலுமிச்சங்காய் அளவுக்கு வீங்கியிருந்ததன் மேல் குங்குமம் வைத்தார்கள். அவள் ஏதோ சொல்ல முயன்றாள். காதைக் காட்டினாள், தாடையைக் காட்டினாள், பல்லுக்குள்ளிருந்து வலிக்குது வலிக்குது என்று அவள் சொன்னதைக் கூட்டம் குலவையில் மூடிவிட்டது. அடப்பாவிகளா என்று இப்போது திட்டத் தோன்றுகிறது, யாரைப் போய்த் திட்ட, தெருவே விழுந்து கும்பிட்டதே.

விழாத ஒரே ஆள் குருவம்மா. பால்ச்சாமியின் அண்ணன் பெண்டாட்டி, புருஷன் செத்தவள், ஒரே வீட்டை நடுவில் சுவர் வைத்துப் பிரித்து அந்தப் பக்கம் இருப்பவள். ஓரகத்திகள் இரண்டு பேரும் ஒரு காலத்தில் ஒரே தட்டில் தின்றவர்கள்தான். குருவம்மா மகளுக்குச் சடங்கு வைத்த அன்றைக்கு, சித்திக்காரி என்ற உரிமையில் வெயிலுகந்தாள் ஆரத்தித் தட்டை எடுக்க, பிள்ளை பெறாதவள் கை எதற்கு என்று குருவம்மாவின் தாய் அந்தத் தட்டைப் பிடுங்கிவிட்டாள். குருவம்மா பார்த்துக்கொண்டே நின்றாள், ஒரு வார்த்தை சொல்லவில்லை. வெயிலுகந்தாள் அழுதுகொண்டு வெளியே வந்தவள் அந்த வாசலை மிதிக்கவேயில்லை. மகள் கல்யாணமாகிப் போய், பேரன் பேத்தி வந்த பிறகும் பேச்சு வார்த்தை கிடையாது. வெயிலுகந்தாளுக்காகத் தெரு மெல்ல ஆரம்பித்தபோது குருவம்மா வீட்டுக்கு யாரும் போகவில்லை, அவளும் வந்து கேட்கவில்லை.

ஆடி கழிந்து ஒரு நாள், பத்துப் பேர் குழாயடியில் நிற்கையில், குருவம்மா தன் ஆட்டைத் திட்டுகிற மாதிரி உரக்கச் சொன்னாள்: "சனியனே, சாமி பூட்டுனா வாயி நாறுமா? செவுத்துக்கு இந்தப் பக்கம் எனக்கு நாறுது, ஊர்க்காரிகளுக்கு மூக்கு அவிஞ்சா போச்சு?" எங்களுக்குக் கோபமான கோபம். என்ன பொம்பள இவள், இத்தனை வருஷத்துப் பகையைச் சாமி மேலேயா காட்டுவாள் என்று அவள் குடத்தை எட்டி உதைத்தார்கள். ஆனால் பால்ச்சாமிக்கு அந்த வார்த்தை எங்கேயோ போய்த் தைத்துவிட்டது. நாறிக்கொண்டுதான் இருந்தது, அதை வாய்விட்டுச் சொன்னவள் அவள் ஒருத்திதான். மறுநாளே அவர் பெண்டாட்டியைப் பஸ் ஏற்றிப் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனார். துணைக்கு நானும் போனேன்.

டாக்டரம்மா லைட்டை அடித்துப் பார்த்தார், கழுத்தை அமுக்கிப் பார்த்தார், படம் எடுக்கச் சொன்னார், சதையைக் கிள்ளிச் சோதனைக்கு அனுப்பினார், முடிவு வந்த அன்றைக்கு எங்களை உட்காரச் சொன்னார். "கன்னத்துல வந்த புத்துநோயிங்க. தாடை எலும்புக்குள்ள போயிருக்கு. மெல்லுறதுக்குன்னு ஒரு தசை இருக்கு, அதைப் புடிச்சுக்கிச்சு, அதனாலதான் வாய் தெறக்கல. பாதித் தாடையும் அந்தத் தசையும் சேத்து எடுக்கணும்" என்றார். பிறகு வெயிலுகந்தாளின் கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்து, "வாய் பூட்டி இவ்வளவு நாளாகியும் மெலியலையே, எப்படிச் சாப்பிட்டாங்க?" என்று கேட்டார்.

"எங்க தெருவுல எல்லாரும் அவளுக்காக மெல்லுறாங்கம்மா" என்றார் பால்ச்சாமி.

டாக்டரம்மா அவரை நிமிர்ந்து பார்த்தார். எத்தனையோ கேட்டவர் போலிருக்கிறது, அதை அப்படியே விட்டுவிட்டார். "மெலிஞ்சிருந்தா பயந்து முன்னாடியே வந்திருப்பீங்க" என்று மட்டும் சொன்னார். அந்த வார்த்தையை இன்றைக்கு வரைக்கும் எங்களால் முழுங்க முடியவில்லை.

ஆப்பரேசனுக்குத் தேதி கொடுத்தார்கள். முந்தின நாள் சாயங்காலத்திலிருந்து வயிற்றில் ஒரு பருக்கை இருக்கக்கூடாது, மயக்கம் கொடுக்கையில் சோறு மேலேறி நுரையீரலுக்குள் போனால் ஆள் அங்கேயே முடிந்துவிடும், அதுவும் வாய் திறக்காதவளுக்கு மூக்கு வழியாகத்தான் குழாய் விடவேண்டும், கூடுதல் ஆபத்து என்று எச்சரித்தார்கள். ஆஸ்பத்திரிக்கு அது சின்ன விஷயம், ராத்திரி பட்டினி, அவ்வளவுதான். எங்களுக்குத்தான் தெரியும் அது யாருடைய பட்டினி என்று.

பேரைச் சொல்லாமல் தின்றால் போதாதா என்று முதலில் நினைத்தோம். அதையும் செய்து பார்த்தோம். சோற்றை எடுத்தேன், அவளை நினைக்கக்கூடாது என்று நினைத்தேன், நினைக்கக்கூடாது என்ற நினைப்பிலேயே அவள் வந்து உட்கார்ந்துகொண்டாள், அவள் எதிர்வீட்டிலிருந்து ஏப்பம் விட்டாள். நாள் தவறாமல் ஒரு பேரைச் சொல்லிப் பழகின வாய் சும்மா இருக்குமா? ஆகவே தெரு மெல்லக்கூடாது என்று முடிவாயிற்று. பாலும் கஞ்சித் தண்ணியும் குடிக்கலாம், பல்லில் எதுவும் படக்கூடாது. டீக்கடையில் வடைச்சட்டியைக் கவிழ்த்தார்கள். பிள்ளைகளைப் பஸ் ஏற்றி அடுத்த ஊர்ச் சொந்தக்காரர்கள் வீட்டில் விட்டோம். வெற்றிலைப் பையையும் புகையிலைப் பொட்டலத்தையும் கட்டிக் கோயில் பரணில் போட்டோம். ஆடு மாடு அசைபோடுவது கணக்கில் சேருமா என்று ஒருத்தர் கேட்டார், யாரும் சிரிக்கவில்லை, எதற்கு வம்பு என்று அவற்றையும் ஊருக்கு வெளியே கொண்டுபோய்க் கட்டினோம். குருவம்மாவிடம் யார் போய்ச் சொல்வது என்ற பேச்சு வந்தது. அவள் என்றைக்கு மென்றாள், இன்றைக்கு நிறுத்த என்று விட்டுவிட்டோம்.

காலையில் ஆப்பரேசன் அறை வாசல் வரைக்கும் அவளைத் தள்ளிக்கொண்டு போனார்கள். மூக்கில் குழாய் விட்டு வயிற்றைச் சுத்தம் பார்த்தார்கள். குழாயில் பச்சையாக, கசப்பு வாடையோடு, மென்ற சோறு வந்தது. யார் சாப்பாடு கொடுத்தது என்று டாக்டரம்மா சத்தம் போட்டார், இன்றைக்கு முடியாது என்று கையுறையைக் கழற்றினார். பால்ச்சாமி அந்தத் தட்டத்தில் வந்ததைக் குனிந்து பார்த்தார், மோந்து பார்த்தார். அதலக்காய். மழை பெய்து கரிசல்காட்டில் தானாகக் கொடி ஓடிக் காய்க்கிற காய், பாகற்காயைவிடக் கசப்பு. எங்கள் தெருவில் அதைத் தேடிப் போய்ப் பறித்துவந்து வதக்குகிறவள் ஒருத்திதான் உண்டு.

போன் வந்ததும் தெருவே குருவம்மா வாசலில் திரண்டது. பசி, கோபம், ஆற்றாமை எல்லாம் சேர்ந்துகொண்டு வாயில் வராத வார்த்தையெல்லாம் வந்தது. அவள் ஈரக்கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

"அதலக்காயா? எங்க வீட்டு அதலக்காயா?" என்றாள்.

"ஒங்க வீட்டதுதான்டி! வயிறு நெறஞ்சு கெடந்துச்சாம். நீ எதுக்குடி அவ பேரச் சொல்லித் தின்ன?" என்று நான் கத்தினேன்.

"தெனமும்தான் சொல்றேன்" என்றாள் குருவம்மா. "மொத வாயி அவளுக்குன்னுதான் எடுப்பேன். நீங்க சொன்னாப் போகும், நான் சொன்னா எங்க போகப்போகுதுன்னு நெனச்சேன், எங்கையால அவ வாங்கிக்கிற மாட்டான்னு நெனச்சேன் சந்தனம். சுகர் மாத்திர போடணுமேன்னு ரெண்டு வாயி தின்னேன், பழக்கத்துல அவ பேரு வந்துருச்சு. எனக்கென்ன தெரியும்?" பிறகு எங்களை ஒவ்வொருத்தராகப் பார்த்து, "அவளுக்குப் போச்சா? நெசமாவே போய்ச் சேந்துச்சா?" என்று கேட்டாள். கேட்கையில் அவள் முகத்தில் ஒரு சந்தோஷம் வந்தது, கடவுளே, அந்த முகத்தைப் பார்த்து எங்கள் கோபமெல்லாம் வடிந்து அழுகை வந்துவிட்டது. அப்புறம்தான் என்ன நடந்துபோயிற்று என்று அவளுக்கு உறைத்தது. வாசற்படியில் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டாள், நாலு பேர் பிடித்தும் கையை நிறுத்த முடியவில்லை.

மறுநாள் ஆஸ்பத்திரிக்குப் போய் நான் வெயிலுகந்தாளின் காதில் இதைச் சொன்னேன். அவளுக்கு ஆச்சரியமே இல்லை. "தெரியும்க்கா" என்றாள் பல்லுக்குள்ளிருந்து. "எல்லாருக்கும் முந்தி அவ கவளந்தான் வரும். கசக்கும்." அப்புறம் என்ன நினைத்தாளோ, "நான்தான் செவுத்தத் தட்டி ஒரு வார்த்த சொல்லியிருக்கணும்" என்றாள்.

அடுத்த தேதிக்குக் குருவம்மா தண்ணியைக்கூடத் தொடவில்லை, தெருவும் தொடவில்லை, ஆனால் அதற்குள் கழுத்தில் நோய் இறங்கி, ரத்தக்குழாயைச் சுற்றிக்கொண்டு, கத்தி வைக்க இடமில்லை என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார். போன தடவை நடந்திருந்தால் பிழைத்திருப்பாளா என்று பால்ச்சாமி கேட்டார். "பங்குனியில, கன்னம் வீங்குனப்பவே வந்திருந்தாக் கேளுங்க, சொல்றேன்" என்றார் அவர். பங்குனியில் நாங்கள் அவளுக்கு மஞ்சள் சேலை கட்டிக்கொண்டிருந்தோம். புத்துநோய்க்கு வைக்கிற கரண்ட், கதிர் வைத்தியம், அதை வைத்தார்கள், வலிக்கு மருந்து கொடுத்தார்கள், வீட்டுக்கு அனுப்பினார்கள்.

கடைசிக் காலத்தில் அவள் வயிறு எங்கள் சோற்றை வேண்டாம் என்றது. கையெடுத்துக் கும்பிட்டு, போதும், நீங்களாவது நிம்மதியாகத் தின்னுங்கள் என்று சொல்லி அனுப்பினாள். ஒருத்தி கவளத்தை மட்டும் நிறுத்தச் சொல்லவில்லை. குற்றவுணர்ச்சியில் குருவம்மா அந்த வாசலை மிதிக்கவில்லை. சுவருக்கு அந்தப் பக்கம், சுவரோடு முதுகை ஒட்டி உட்கார்ந்து, இட்லியைப் பாலில் பிசைந்து, வேளா வேளைக்கு மென்றாள். இந்தப் பக்கம் வெயிலுகந்தாள் அதே சுவரில் சாய்ந்துகொண்டு கண்ணை மூடியிருப்பாள். இரண்டு பேருக்கும் நடுவில் யாரும் பேசப் போகவில்லை.

தை பிறந்து ஒரு காலையில், குருவம்மா மென்றுகொண்டிருக்கையிலேயே, வாயிலிருந்தது கல்லாகிவிட்டது என்று அவள் போட்ட கூச்சலில்தான் எங்களுக்கு விஷயம் தெரிந்தது.

குளிப்பாட்டி, நெற்றியில் காசு வைத்து, மாலை போட்டுத் தெருவில் கிடத்தினோம். வாய்க்கரிசி போடும் நேரம் வந்தது. தட்டில் பச்சரிசியை வைத்துக்கொண்டு எல்லோரும் நின்றோம், யாராலும் போட முடியவில்லை, வாய்தான் பூட்டிக் கிடக்கிறதே. தேங்காயெண்ணெய் விட்டுக் கரண்டிக் காம்பால் நெம்பினால் திறக்கும் என்றார் ஒருத்தர். "அவ தாடையில யாரும் கை வைக்கக்கூடாது" என்றார் பால்ச்சாமி, அன்றைக்கு அவர் பேசிய ஒரே பேச்சு அதுதான். உதட்டில் தொட்டுக் கீழே போட்டுவிடலாம், சாஸ்திரத்துக்கு அது போதும் என்றார்கள் பெரியவர்கள். வாய்க்கரிசி இல்லாமல் போகிறவள் பசியோடு போகிறாள் என்றுதான் எங்களில் நம்பிக்கை. இவளையா, தெருவே ஊட்டி வளர்த்த இவளையா பசியோடு அனுப்புவது என்று பெண்கள் பக்கம் ஒரே ஒப்பாரி.

கூட்டத்தை விலக்கிக்கொண்டு குருவம்மா வந்தாள். யாரையும் பார்க்கவில்லை. வெயிலுகந்தாளை மூன்று முறை சுற்றினாள், தட்டிலிருந்து ஒரு பிடி பச்சரிசியை அள்ளினாள், அவள் முகத்துக்கு நேரே நீட்டினாள், "வெயிலு" என்று பேர் சொல்லிக் கூப்பிட்டாள், பிறகு அதைத் தன் வாயில் போட்டு மென்றாள். அரிசி நொறுங்குகிற சத்தம் தெருவுக்கே கேட்டது. ஒப்பாரி நின்றது, கொட்டு நின்றது. அவளுக்குப் பின்னால் நான் போனேன், எனக்குப் பின்னால் என் வீட்டுக்காரர், டீக்கடைக்காரர், பல் போன கிழவர்கள், பூசாரி, பிள்ளை குட்டி, ஒவ்வொருத்தராக ஒரு பிடி அள்ளி, அவள் பேரைச் சொல்லி, வாயில் போட்டு நின்றோம். கடைசியாகப் பால்ச்சாமி. பாடை தூக்க வந்தவர்கள் நேரமாகிறது என்று அவசரப்படுத்தினார்கள், சிலர் அரைகுறையாக முழுங்கப் பார்த்தார்கள்.

"நல்லா மெல்லுங்க" என்றாள் குருவம்மா. "முழுசா முழுங்காதீங்க, அவ வயிறு தாங்காது. இனிமே அவளுக்கு என்ன அவசரம்?"

வெயிலில் நின்று, கிடங்குத் தெரு முழுக்க, வாயிலிருந்தது மாவாகிப் பாலாகிற வரைக்கும் மென்றோம். பச்சரிசியை வெகுநேரம் மென்றால் இனிக்கும். அன்றைக்கும் இனித்தது, அதுதான் எங்களுக்குத் தாங்கவில்லை.